வலக்கைக்கு மாற்றிய மோதிரம்

1. முதல் நாள்

வேலைக்குச் சேர்ந்த அன்று என் முதலாளி ஹெர் பிராண்ட் என் கையைப் பார்த்துவிட்டு, "கலியாணம் எப்ப?" என்று கேட்டார். எனக்கு அப்போதே கலியாணமாகிப் பல வருடங்கள். மூத்த மகள் பத்தாம் வகுப்பில் இருந்தாள். மனுசனுக்கு என்ன விசரா என்று நினைத்தேன்.

பிறகுதான் விளங்கியது. ஜேர்மன்காரர் கலியாண மோதிரத்தை வலக்கையில் போடுவார்கள். இடக்கையில் போட்டால் நிச்சயம் மட்டும் ஆனவள் என்று கருதுவார்கள். நாங்கள் மன்னார்க் கத்தோலிக்கர். கோயிலில் தாலியும் கட்டி, இடக்கையில் மோதிரமும் போடுவோம். ஜேர்மனிக்கு வந்த பிறகு என் தாலி அலுமாரியில் இருந்தது, பெருநாள் பூசைக்கு மட்டும் வெளியே வரும். மோதிரம் மட்டும் கையில் கிடந்தது. இதையெல்லாம் எனக்குத் தெரிந்த ஜேர்மனில் சொல்லி முடிக்க, ஹெர் பிராண்ட் சிரித்து, மன்னிப்புக் கேட்டு, கோப்பி போட்டுத் தந்தார். (இந்தக் குறிப்பில் ஜேர்மன்காரர் பேசியதை எங்கள் தமிழிலேயே எழுதுகிறேன். எனக்கு அப்படித்தான் காதில் நிற்கிறது.)

யூரோக் காசு வந்த புதிது. டார்ம்ஸ்டாட்டில் ஒரு பல்வைத்தியரின் கிளினிக்குக்கு மேல்மாடியில் இருந்தது அந்தச் சிறிய பதிப்பகம். ஜப்பானியப் படக்கதைகளை ஜேர்மனில் போடுவோம். கீழே பல்லுக்குத் துளைபோடும் சத்தம் நாள் முழுக்க மேலே கேட்கும். நான் அகதியாக வந்து, உணவகங்களில் கோப்பை கழுவி, பிள்ளைகள் வளர்ந்த பிறகு பிந்திய வயதில் அவுஸ்பில்டுங் என்ற தொழிற்பயிற்சி செய்து இந்தத் தொழிலுக்கு வந்தவள். அதனால் அந்தச் சத்தம் எனக்கு ஒரு பொருட்டே இல்லை.

என் வேலை இரண்டு. ஒன்று லெட்டரிங். பேச்சுக் குமிழுக்குள் இருக்கும் ஜப்பானிய எழுத்தை அழித்து, மொழிபெயர்ப்பாளர் தரும் ஜேர்மன் வசனத்தை அதற்குள் அடக்கி வைப்பது. ஜப்பானிய எழுத்து மேலிருந்து கீழே போவதால் குமிழும் ஒல்லியாக நெட்டையாக இருக்கும். ஜேர்மன் சொல்லோ அகலத்தில் வளரும். அடக்கிப் பார்த்தவர்களுக்குத்தான் அந்த அவதி தெரியும். மற்றது ரெதுஷ். படத்தின் மேலேயே எழுதியிருக்கும் சத்தங்களை, மழை, கதவு, மூச்சு என்று எல்லாவற்றையும் அழித்து, அடியில் மறைந்துபோன படத்தை நாங்களே கீறி, அதாவது வரைந்து, நிரப்புவது. சாம்பல் நிறத்துக்குப் பதில் பொட்டுப் பொட்டாக ராஸ்டர் இருக்கும். ஒரு பொட்டு விலகினாலும் அச்சில் கோடு கோடாகத் தெரியும். இப்போது கணினி தானாகவே பாதியைச் செய்துவிடுகிறதாம். அப்போது திரையில் செய்தாலும் எல்லாம் கைதான்.

2. பூசையில் சொல்ல முடியாத புத்தகம்

நான் படப்புத்தகம் செய்கிறேன் என்று கேள்விப்பட்டு, எங்கள் தமிழ்ப் பூசைக்கு வரும் பாதிரியார் சுவாமி, சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிப் பிள்ளைகளுக்குப் பத்துப் பிரதி தரச்சொல்லிக் கேட்டார். நான் நெளிந்துகொண்டு நின்றேன். அப்போது என் மேசையில் கிடந்தது பதினெட்டு வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு மட்டும் என்று ஒட்டி, பிளாஸ்டிக் உறைபோட்டு விற்கும் தொடர். முயல் கதை ஒன்றைத் தேடி எடுத்துக் கொடுத்துத் தப்பினேன்.

அந்தத் தொடர்தான் எங்கள் பதிப்பகத்துக்குச் சோறு போட்டது. கதை பெரிதாக ஒன்றுமில்லை. கென்ஜி என்று ஒருவன், பெரிய கம்பனியில் வேலை. கந்தோரில் ஒருத்தியோடு தொடர்பு. வீட்டில் சயோகோ என்று ஒரு மனைவி. அவளுக்கு எல்லாம் தெரியும். ஆனால் ஒரு வார்த்தை கேட்க மாட்டாள். அவன் எத்தனை மணிக்கு வந்தாலும் குளிக்கச் சுடுதண்ணீர் ஆயத்தமாக இருக்கும். சேர்ட்டில் மற்றவளின் வாசனைத் தைலம் மணந்தால், பேசாமல் இன்னொருமுறை தோய்ப்பாள்.

படுக்கையறைப் பக்கங்களைப் பற்றி எல்லாரும் வாயில் சிரிப்போடு கேட்பார்கள். எனக்கு அது வேலை. பேச்சுக் குறைவு, சத்தம் அதிகம், ஆகவே லெட்டரிங் சுகம், ரெதுஷ் கழுத்தறுப்பு. அவ்வளவுதான். நான் மற்றப் பக்கங்களைத்தான் கவனித்தேன். மற்றவளைக் கீறும்போது ஓவியர் அவளுக்கு வியர்வை வைப்பார், கண்ணுக்குக் கீழே களைப்பு வைப்பார், அவள் வாய் நிறைய நூடில்ஸ் தின்பாள். சயோகோவுக்கு ஒரு முடி கலையாது. மூன்று தொகுதி முடிந்தும் அவள் ஒரு வாய் சோறு தின்றதை நான் பார்க்கவில்லை. கதிரையில் இருந்ததையும் பார்க்கவில்லை. அவன் எவ்வளவுக்குத் துரோகம் செய்கிறானோ அவ்வளவுக்கு அவள் அழகாகிக்கொண்டே போனாள்.

எங்கள் மொழிபெயர்ப்பாளர் ஃபிரவ் லோரென்ஸ், ஜப்பானில் நெடுங்காலம் இருந்த பெண்மணி. இந்த வகைக் கதைகள் அலுக்க அலுக்கப் படித்தவர். ஒருநாள் மதியச் சாப்பாட்டின்போது சொன்னார். இந்தக் கதைகளில் ஆண் துரோகம் செய்வது மற்றவள் மேல் உள்ள ஆசையால் மட்டும் அல்லவாம். எதைச் செய்தாலும் பொறுக்கிற ஒருத்தி வீட்டில் இருக்கிறாள் என்று திரும்பத் திரும்பப் பார்த்துக்கொள்ளத்தானாம். வாசிக்கிறவனுக்கும் அந்தச் சுகம்தான் வேண்டுமாம். நான் சாப்பாட்டுப் பெட்டியை மூடிவிட்டேன்.

காரணம் சொல்கிறேன். அந்த வருடம் ஒரு சனிக்கிழமை நான் டிராமில் போகும்போது என் மனுசன் அன்ரனைத் தெருவில் கண்டேன். அவரோடு வேலை செய்யும் ஒரு பெண்ணின் கடைப்பையைத் தூக்கிக்கொண்டு அவளோடு சிரித்துக் கதைத்தபடி போனார். மற்றக் கை அவளின் முதுகில் இருந்தது. எங்கள் வீட்டுக் கடைப்பையை அவர் ஒருநாளும் தூக்கியதில்லை. முதுகில் இருந்த கையைவிட அந்தப் பைதான் என்னைச் சுட்டது.

நான் ஒன்றும் கேட்கவில்லை. மகளுக்குப் பள்ளிச் சோதனை வருகிறது, மகன் சின்னவன், ஊரில் மாமி நோயாளி என்று எனக்கு நானே காரணம் சொல்லிக்கொண்டேன். முதுகுவலி என்று சொல்லி மகளின் அறையில் படுக்கத் தொடங்கினேன். பூசைக்கு அவரோடு போவதை விட்டு, வேறு டிராமில் தனியே போனேன். அவர் ஏன் என்று கேட்கவில்லை. கோயிலில் மற்றப் பெண்களுக்கு விசயம் எப்படியோ தெரிந்திருந்தது. என்னைக் கண்டால் குரலைத் தாழ்த்தி, "றெஜினா அக்காவைப் போலப் பொறுமை வேணும்" என்பார்கள். புகழ்ச்சிதான். கேட்கக் கேட்க எனக்குக் காது எரியும்.

3. "துரோகம் இல்லாட்டி விலைப்படாது"

முதல் தொகுதி வந்தபோது வாசகர் மின்னஞ்சல்கள் குழப்பமாக வந்தன. சயோகோவின் மோதிரம் இடக்கையில் இருக்கிறதே, அவள் நிச்சயமான பெண் மட்டும்தானா, அப்படியென்றால் அவள் போக வேண்டியதுதானே, இதில் என்ன பெரிய துரோகம் என்று கேட்டிருந்தார்கள். வசனத்தில் மனைவி என்றுதான் இருந்தது. ஆனால் படக்கதை வாசிப்பவர் படத்தைத்தான் நம்புவார்.

ஹெர் பிராண்ட் என்னைக் கூப்பிட்டார். "அவன் செய்யிறது துரோகமெண்டே சனத்துக்கு விளங்கேல்லை, றெஜினா. துரோகம் இல்லாட்டி இந்தப் புத்தகம் விலைப்படாது. மோதிரத்தை வலக்கைக்கு மாத்துங்கோ."

ஜப்பான் தரப்பிடம் கேட்டார்கள். ஊர் வழக்கத்துக்காகச் சின்னத் திருத்தம் என்று சொல்ல, சரி என்று பதில் வந்தது. அதற்குப் பிறகு அதைப் பற்றி யாரும் யாரிடமும் கேட்கவில்லை.

அன்றிலிருந்து நான் மோதிரம் மாற்றினேன். இடக்கை விரலில் இருப்பதை அழித்து, தோலின் கோட்டைச் சேர்த்துவிட்டு, வலக்கை விரலில் புதிதாகக் கீற வேண்டும். கை திரும்பியிருந்தால் மோதிரம் சாய்வாக இருக்க வேண்டும். சவர்க்கார நுரைக்குள் கை இருந்தால் பாதி மட்டும் தெரிய வேண்டும். சில நாள் காலையிலிருந்து மாலைவரை மோதிரம் மட்டுமே. மணிக்கட்டு விறைத்துப்போகும். வீட்டுக்குப் போய்ச் சோறு பிசையவே விரல் மடங்காது.

4. அழிக்க ஒன்றும் இல்லை

ஐந்தாம் தொகுதியின் நடுவில் ஒரு பக்கம். சயோகோ சமையலறையில் நின்று முள்ளங்கி அரிகிறாள். நான் வழக்கம்போல இடக்கையைத் திரையில் பெரிதாக்கி, அழிப்பதற்கு மின்பேனாவைக் கொண்டுபோனேன். அழிக்க ஒன்றும் இல்லை. விரல் வெறுமையாக இருந்தது.

அடுத்த படம் பார்த்தேன், அதிலும் இல்லை. அடுத்த பக்கமும் இல்லை. இது நடக்கிற விசயம்தான். படக்கதைகளை ஓவியர் தனியே கீறுவதில்லை, உதவியாளர்கள் இருப்பார்கள். அவசரத்தில் சேர்ட்டின் பொத்தான் காணாமல் போகும், மச்சம் ஒரு கன்னத்திலிருந்து மற்றக் கன்னத்துக்குப் போய்விடும். அப்படித்தான் நினைத்தேன். ஆனாலும் எனக்குள் ஏதோ குடைந்தது. பக்கத்தை அச்செடுத்துக்கொண்டு ஹெர் பிராண்டிடம் போனேன்.

"மறந்திருப்பினம். கீறுங்கோ" என்றார்.

கழற்றியிருப்பாளோ என்று கேட்டேன்.

அவர் தாளைக் கிட்டப் பார்க்கக்கூட இல்லை. "ஆர், சயோகோவோ? அவள் அப்பிடிப்பட்ட பொம்பிளை இல்லை."

உண்மையைச் சொன்னால் எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. ஃபிரவ் லோரென்ஸிடம் கேட்டோம். வசனத்தில் எந்த மாற்றமும் இல்லை, அவள் வழக்கம்போல "வந்திட்டீங்களா" என்றுதான் சொல்கிறாள் என்றார். தொடர் அப்போது ஜப்பானிலேயே முடிந்திருக்கவில்லை. பின்னால் என்ன வரப்போகிறது என்று பார்க்கவும் வழியில்லை. நான் வலக்கையில் மோதிரத்தைக் கீறினேன். ஐந்தாம் தொகுதியின் மிச்சம் முழுக்கக் கீறினேன். ஆறாம் தொகுதி முழுக்கக் கீறினேன். அழிக்கிற வேலை இல்லாததால் பாதி நேரத்தில் முடிந்தது. ஹெர் பிராண்டுக்குச் சந்தோசம்.

5. கடைசித் தொகுதி

ஃபிரவ் லோரென்ஸ் மொழிபெயர்ப்பை எப்போதும் மின்னஞ்சலில்தான் அனுப்புவார். கடைசித் தொகுதிக்கு மட்டும் ஆளாகவே வந்தார். மழையில் நனைந்த மேலங்கியைக் கழற்றாமலே புத்தகத்தை மேசையில் விரித்து வைத்தார்.

கென்ஜி வீட்டுக்கு வருகிறான். சயோகோ வாசலில் பெட்டியோடு நிற்கிறாள். சப்பாத்துப் போடக் குனிகிறாள். ஒரு கை சுவரில் ஊன்றியிருக்கிறது, மற்றக் கை சப்பாத்தில். அப்போதுதான் அவன் அவளின் வெறும் மோதிர விரலைப் பார்க்கிறான். "எப்போதிருந்து?" என்று கேட்கிறான். அவள் பதில் சொல்லவில்லை. அதற்குப் பதிலாக அடுத்த பக்கத்தில் பழைய படங்கள் வருகின்றன. முள்ளங்கி அரிந்த படம், சேர்ட்டுக்கு இஸ்திரி போட்ட படம், அவனுக்குச் சோறு போட்ட படம். ஒவ்வொன்றிலும் வெறும் விரல். பிறகு கதவு சாத்தியிருக்கிறது. கதை முடிந்தது.

ஜப்பானில் வாசித்தவர்கள் பழைய தொகுதிகளை எடுத்துப் புரட்டி, அட, எங்கள் கண்ணுக்கு முன்னாலேயே இருந்ததே, நாங்களும் பார்க்கவில்லையே என்று தலையில் கைவைத்திருப்பார்கள். எங்கள் ஆட்கள் புரட்டினால் ஒவ்வொரு பக்கத்திலும் பளபளவென்று மோதிரம் இருக்கும். நான் மினுக்கம் வைத்துக் கீறியது.

"ரெண்டு தொகுதியா அவள் சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறாள்" என்றார் ஃபிரவ் லோரென்ஸ். யாரையும் குற்றம் சொல்லும் குரலில் அல்ல. அவருக்கும் களைப்பு.

ஹெர் பிராண்ட் வியாபாரி. ஐந்தும் ஆறும் கடைகளில் இருந்தன, அச்சடித்ததைத் திருப்பி வாங்கக் கட்டாது. அவர் யோசித்து ஒரு வழி சொன்னார். பழைய படங்கள் வரும் பக்கத்திலும் மோதிரத்தைக் கீறிவிடலாம். வாசல் படத்திலும் கீறிவிடலாம். "எப்போதிருந்து?" என்பதை "எங்கே போகிறாய்?" என்று மாற்றிவிடலாம். எல்லாம் பொருந்தும்.

"அப்ப அவள் ஏன் போறாள்?" என்று கேட்டார் ஃபிரவ் லோரென்ஸ்.

"அவன் துரோகம் செய்தவன்தானே. காணாதோ?"

"அது அவன் முதலாம் தொகுதியில இருந்து செய்யிறான்."

ஹெர் பிராண்ட் என் பக்கம் திரும்பினார். சில படங்கள்தான், மதியத்துக்குள் முடியும்தானே என்றார்.

நான் ஏலாது என்றேன்.

அந்தப் பதிப்பகத்தில் அதுவரை நான் அந்தச் சொல்லைச் சொன்னதில்லை. நேரம் காணாது என்று சொல்லியிருக்கிறேன், ராஸ்டர் பொருந்தாது என்று சொல்லியிருக்கிறேன். மாட்டேன் என்று சொன்னதில்லை. அவருக்குக் கோபம் வரவில்லை, ஆச்சரியம்தான் வந்தது. "ஒரு மோதிரம்தானே, றெஜினா" என்றார்.

"அவள் கழட்டி வைச்சதை நான் திரும்பத் திரும்பப் போட்டுவிட்டிருக்கிறன். தெரியாமல் செய்தது. இனித் தெரிஞ்சு செய்யேலாது" என்றேன். கண்ணால் தண்ணீர் வந்தது. மூக்கும் ஒழுகத் தொடங்கிவிட்டது. ஒரு கீறின பெண்ணுக்காக இந்த வயதில் கந்தோரில் நின்று அழுகிறேனே என்று எனக்கே வெட்கம். ஃபிரவ் லோரென்ஸ் கைக்குட்டை தந்தார். நான் யாருக்காக அழுகிறேன் என்று அவர் ஊகித்திருப்பார் என்று நினைக்கிறேன்.

கடைசியில் கடைசித் தொகுதி இருந்தபடியே அச்சுக்குப் போனது, வெறும் விரலோடு. பின்பக்கத்தில் ஒரு சிறு குறிப்புப் போட்டோம். ஐந்தாம், ஆறாம் தொகுதிகளில் சயோகோவின் கையில் காணும் மோதிரம் ஜேர்மன் பதிப்பில் நேர்ந்த பிழை என்று. ஜப்பான் தரப்புக்கும் எழுதினோம். மறுபதிப்பில் திருத்தச் சொன்னார்கள், வேறொன்றும் சொல்லவில்லை. மறுபதிப்பு வந்தபோது நான் கீறிய மோதிரங்களை நானே ஒவ்வொன்றாக அழித்தேன். சம்பளத்துக்குச் செய்த வேலைகளில் எனக்குக் கைவலி தெரியாத வேலை அது ஒன்றுதான்.

வாசகர்களில் பாதிப்பேர் திட்டி எழுதினார்கள். அவள் போனதுதான் அவர்களுக்குப் பிடிக்கவில்லை. இத்தனை தொகுதி பொறுத்தவள் கொஞ்சம் பொறுத்திருக்கலாமே, அவன் திருந்தியிருப்பானே என்று ஒருவர் நீளமாக எழுதியிருந்தார். ஹெர் பிராண்ட் அதை எனக்கு வாசித்துக் காட்டிவிட்டு, முதல்தடவையாக, "மடையன்" என்றார்.

6. இந்தத் தொழிலுக்கு வரும் பிள்ளைகளுக்கு

ரெதுஷ் செய்கிறவருக்கு நான் சொல்லக்கூடியது இதுதான். படத்தில் ஒரு பொருள் இல்லை என்றால், அதைக் கீறிச் சேர்க்கும் முன் அது ஏன் இல்லை என்று கேளுங்கள். முதலாளி மறந்திருப்பார்கள் என்று சொன்னால் இன்னொருமுறை கேளுங்கள். தொடர் முடியாமல் இருந்தால் ஓவியருக்கு எழுதிக் கேட்கச் சொல்லுங்கள். ஒரு பெண் அப்படிப்பட்டவள் இல்லை என்பது பதில் அல்ல. எனக்கு ஒரு கேள்வியோடு வாய் அடைத்துவிட்டது. நான் கீறியது எனக்குப் பழகின பெண்ணை. தாளில் இருந்தவள் வேறு ஒருத்தி.

இதோடு நிறுத்தினால் தொழில் குறிப்பாக முடிந்துவிடும். ஆனால் எனக்கு இந்தத் தொழில் கற்றுத் தந்ததில் பாதி வீட்டில்தான் நடந்தது. அதையும் சொல்லிவிடுகிறேன்.

நான் ஏலாது என்று சொன்ன அந்தக் கிழமையே, சனிக்கிழமை காலை. மகளும் மகனும் தமிழ்ப் பள்ளிக்குப் போய்விட்டார்கள். அன்ரன் பாணுக்கு வெண்ணெய் பூசிக்கொண்டிருந்தார். நான் மோதிரத்தைக் கழற்றி வைத்துப் பார்க்கவில்லை. இன்னும் இரண்டு தொகுதி காத்திருக்க எனக்குப் பொறுமை இல்லை, கோயில் பெண்கள் என்ன சொன்னாலும். முன்னால் இருந்து கதைத்தேன். உங்களுக்கும் அந்த மனுசிக்கும் உள்ளது எனக்குத் தெரியும், இனி எனக்கு இப்படி இருக்க ஏலாது என்றேன்.

அவர் கத்தியை வைத்தார். இல்லை என்று சொல்லவில்லை. மன்னிப்பும் கேட்கவில்லை.

"ஆர் உமக்குச் சொன்னது?" என்றார்.

"ஒருத்தரும் சொல்லேல்லை. நானே கண்டனான். ரெண்டு வருசமாகுது."

"ரெண்டு வருசமோ?" உண்மையிலேயே திகைத்துப்போனார். "நீர் ஒண்டும் காட்டிக்கொள்ளேல்லையே."

"காட்டினனான்" என்றேன். "நீங்கள் பாக்கேல்லை."

திங்கட்கிழமை வேலைக்குப் போகுமுன் ஒரு வழக்கறிஞரின் கந்தோருக்குத் தொலைபேசியில் அழைத்து, அவரைச் சந்திக்க டெர்மின் எடுத்தேன்.